மயிலை எண்ணுவோரே, நரியை எண்ணினீரா?

2025ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 15ஆம் நாள், காலை எட்டு மணி முதல் ஐந்து நிமிடம் தத்தம் தோட்டத்தில் நின்று குரங்கையும் மயிலையும் எண்ணுமாறு இலங்கை அரசாங்கம் கமக்காரரைப் பணித்தது. எண்ணினோம். ஐந்து நிமிடத்தில் எம் கடமை முடிந்தது. அரசாங்கத்தின் கடமை எப்போது தொடங்கும் என்று கேட்கின்றோம்.

கனமூலையில் தோட்டம் செய்வோரைக் கேளுங்கள். விதை மண்ணில் இறங்குமுன் மயில் தோட்டத்தில் இறங்குகின்றது. பயிரை அழிப்பதை எண்ணியோர், அதனை அடக்குவதை எண்ண வேண்டாவா?

இத்தீவில் ஓநாய் இல்லை. நாய்க்குலத்துக் காட்டு விலங்கு நரி ஒன்றே. மயில் தரையில் கூடு வைக்கின்றது. அதன் முட்டையையும் குஞ்சையும் உண்பது நரி. எலியைப் பிடிப்பதும், செத்த உடலைத் தின்று அகற்றுவதும் நரியே. நரி குறைந்தமை மயில் பெருகியதற்கு ஒரு காரணம் என்று இந்நாட்டு ஆய்வாளர் சிலர் கூறியுள்ளனர். அந்த நரிக்கு நாம் வைப்பது நஞ்சும் கண்ணியும்!

நரி கோழியைத் திருடும், ஆட்டுக்குட்டியையும் கொல்லும். மறுக்கவில்லை. விசர்நோய் பரப்பும் என்பர். அந்நோயைப் பெரிதும் பரப்புவது தெருநாய் அன்றோ? கண்ணியோ ஆளறிந்து பிடிப்பதன்று. 2020 மே மாதம் நல்லதண்ணியில் மரக்கறித் தோட்டத்துக் கண்ணியிற் சிக்கிய கருஞ்சிறுத்தை மாண்டதை நாடறியும்.

அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் காட்டில் 1926 அளவில் ஓநாய்களைக் கொன்று தீர்த்தனர். மான்கள் பெருகி இளமரங்களை மேய்ந்தன. 1995, 1996ஆம் ஆண்டுகளில் கனடாவிலிருந்து 31 ஓநாய்களைக் கொண்டுவந்து விட்டனர். மான்கள் குறைந்தன, சிலவிடங்களில் மரங்கள் மீண்டும் தழைத்தன. ஓநாய் மட்டுமே காரணமா என்று அறிஞர் வாதிடுகின்றனர். ஆனால் கொன்றது எளிது, மீட்டது அரிது என்பதில் வாதம் இல்லை. அங்கே கால்நடை இழந்தோர்க்கு இழப்பீடும் கொடுத்தனர் என்பதை நம் ஆட்சியாளர் கவனிப்பாராக.

கலா ஓயாவுக்கு அப்பால் வில்பத்து உள்ளது. 1938 முதல் தேசியப் பூங்கா. அதன் எல்லைக் கல் நரிக்குத் தெரியாது. காட்டைக் காப்பதன் செலவைக் கமக்காரன் மட்டும் சுமப்பது எந்த நீதி? சுற்றாடலைக் காப்பது அரசின் கடமை என்கிறது அரசியலமைப்பின் 27ஆம் உறுப்புரை. இயற்கையைக் காப்பது ஒவ்வொருவரின் கடமை என்கிறது 28ஆம் உறுப்புரை. இவற்றை நீதிமன்றில் வலியுறுத்த முடியாது என்று 29ஆம் உறுப்புரை கதவை அடைக்கின்றது! நீதிமன்றக் கதவு அடைபட்டால் மக்கள் மன்றம் திறந்தே இருக்கின்றது.

ஆகவே கேட்கின்றோம்: நரியையும் எண்ணுக. கோழியும் ஆடும் இழந்தோர்க்குத் தாமதமின்றி இழப்பீடு தருக. அதற்கான படிவத்தைத் தமிழில் தருக. 1987 முதல் தமிழும் அரசகரும மொழியே.

கமக்காரத் தோழர்களே, உங்களிடமும் ஒரு சொல்: கோழிக்கூட்டை இறுக்கிப் பூட்டுங்கள், கண்ணியை அவிழ்த்தெறியுங்கள். கூலி கேளாது உங்கள் தோட்டத்தைக் காக்கும் காவற்காரனை நீங்களே கொல்லாதீர்கள்!