ஒரு பொட்டலம், ஒரு லிட்டர்!

மாவடுவில் உப்பைப் போட்டுக் குலுக்கி வைக்கிறோம். மறுநாள் பார்த்தால் ஜாடியில் நீர் நிற்கிறது, வடு சுருங்கியிருக்கிறது. நாம் ஒரு சொட்டுத் தண்ணீர்கூட விடவில்லையே! எல்லாம் உப்பின் வேலை. எந்தப் பக்கம் கரைசல் அடர்த்தியோ, அந்தப் பக்கம் தண்ணீர் மெல்லிய தோலைக் கடந்து ஓடிவிடுகிறது. இந்த இழுக்கும் வலுவை விஞ்ஞானிகள் மில்லியாஸ்மோல் என்ற அளவில் சொல்கிறார்கள்.

அதை அளக்கும் கருவிக்கு ஆஸ்மோமீட்டர் என்று பெயர். பெரிய ஆஸ்பத்திரிகளின் பரிசோதனைக் கூடங்களில் இருக்கும். அது அளக்கும் விதம்தான் வேடிக்கை! சுத்தமான தண்ணீர் 0 டிகிரியில் உறைகிறது. அதில் உப்போ சர்க்கரையோ கரைந்தால் இன்னும் குளிர்ந்தால்தான் உறையும். 1,000 மில்லியாஸ்மோலுக்கு 1.86 டிகிரி சென்டிகிரேட் இறங்கும். ஆகவே சில துளிகளை உறையவைத்து, உறைந்த வெப்பநிலையைக் கொண்டே வலுவைக் கணக்கிட்டுவிடலாம். நம் ரத்தத்தின் கணக்கு ஏறக்குறைய 290.

இதனால் நமக்கென்ன என்கிறீர்களா? பேதியாகும் குழந்தைக்குக் கொடுக்கும் ஓ.ஆர்.எஸ். கரைசலின் ரகசியமே இந்த எண்தான். முன்பு அது 311 ஆக இருந்தது. ரத்தத்தைவிடச் சற்று நீர்த்திருந்தால் பேதியும் வாந்தியும் குறைவதைக் கண்டு, 2002-ல் உலக சுகாதார ஸ்தாபனமும் யூனிசெஃபும் 245 ஆக்கின.

"கெட்டியாக இருந்தால்தானே சத்து?" என்று ஒரு லிட்டர் பொட்டலத்தை 200 மில்லி டம்ளரில் கரைத்தால், 1,200-ஐத் தாண்டிவிடும். பிறகு மாவடுவின் கதைதான்! குழந்தையின் உடம்பு நீரையே அது குடலுக்குள் இழுத்துவிடும், பேதி அதிகமாகும். சர்க்கரை மிகுந்த டப்பா ஜூஸும் கலர் பானங்களும் இதே தொல்லைதான்.

ஆகவே சகோதரிகளே, பொட்டலத்தில் போட்டிருக்கும் அளவை முதலில் படியுங்கள். சிறுவாணித் தண்ணீரானாலும் கொதிக்கவைத்து ஆறவிட்டு, அளந்து ஊற்றுங்கள். பொட்டலம் முழுவதையும் கரையுங்கள். ஸ்பூன் ஸ்பூனாகக் கொடுங்கள். 24 மணி நேரத்துக்குமேல் வைக்க வேண்டாம். பொட்டலம் கிடைக்காத வேளையில், ஒரு லிட்டர் நீருக்குத் தலைதட்டிய 6 டீஸ்பூன் சர்க்கரை, அரை டீஸ்பூன் உப்பு. தாய்ப்பாலை நிறுத்தவே கூடாது.

கண் குழிந்து, நாக்கு வறண்டு, சிறுநீர் போகாமல், குழந்தை துவண்டு கிடந்தால் கைவைத்தியம் பார்த்துக்கொண்டிராதீர்கள். உடனே டாக்டரிடம் தூக்கிக்கொண்டு ஓடுங்கள்!