கிழவியின் வாய்ச்சொல்லும் சாட்சியமே

1948-ஆம் ஆண்டு பாலஸ்தீனத்தில் பத்து வயதுச் சிறுமியாக இருந்தவள் இன்று எண்பத்தைந்தைத் தாண்டிய கிழவி. லெபனானிலோ சிரியாவிலோ ஜோர்டானிலோ ஓர் அகதி முகாமில், பேரப் பிள்ளைகளுக்கு நடுவே உட்கார்ந்திருப்பாள். அவள் கண்ணை மூடினால் அவளோடு ஓர் ஊரும் போய்விடும்.

அந்த ஆண்டு ஏழு இலட்சத்துக்கும் அதிகமானோர் விரட்டப்பட்டும் உயிருக்கு அஞ்சியும் வெளியேறினார்கள். ஆளற்றுப்போன, அழிக்கப்பட்ட 418 கிராமங்களை 1992-இல் வெளிவந்த வலீத் காலிதியின் நூல் பெயர் சொல்லிக் கணக்கெடுத்தது. பெயரும் பரப்பும் ஏட்டில் ஏறிவிட்டன. எந்தக் கிணற்றுத் தண்ணீர் இனித்தது, எந்த ஒலிவ மரம் யாருடையது, எந்த வழியாக ஓடினார்கள், வழியில் யாரைப் புதைத்தார்கள்? இவை அந்தக் கிழவியிடம்தான் இருக்கின்றன.

"வாய்ச்சொல் வரலாறாகுமா? காகிதம் எங்கே?" என்று கேட்கிற படித்தவர்கள் உண்டு. காகிதம் யார் கையில் இருக்கிறது, ஐயா? வென்றவன் பெட்டியில் இருக்கிறது! ஏற்கெனவே திறந்துவிட்ட 1948-ஆம் ஆண்டுக் கோப்புகளைக்கூட இஸ்ரேலியப் பாதுகாப்பு அமைச்சக ஆட்கள் மறுபடி பூட்டி வைத்ததை, 2019-இல் அந்நாட்டு ஏடான ஹாரெட்ஸே அம்பலப்படுத்தியது.

தந்தூரா என்ற கடலோரக் கிராமத்தின் கதையைப் பாருங்கள். 1948 மே மாதம் அது வீழ்ந்தபோது சரணடைந்தவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள் என்று ஊர்க்காரர்கள் சொல்லிக்கொண்டே இருந்தார்கள். டெடி காட்ஸ் என்ற இஸ்ரேலிய மாணவர் ஊர்க்காரர்களிடமும் பழைய சிப்பாய்களிடமும் பேசி, ஒலிநாடாவில் பதிந்து, 1998-இல் ஆய்வேடு எழுதினார். சிப்பாய்கள் வழக்குப் போட்டார்கள். பல்கலைக்கழகம் ஏட்டைத் தள்ளுபடி செய்தது. நாடாவில் இருந்ததற்கும் ஏட்டில் எழுதியதற்கும் சில இடங்களில் பிசகு இருந்ததும் மெய்தான். அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் நாடாக்கள் அழியவில்லை. 2022-இல் வந்த ஓர் இஸ்ரேலிய ஆவணப்படத்தில் அதே குரல்கள் ஒலித்தன. கிழவர்களாகிவிட்ட சிப்பாய்கள் சிலர் படப்பெட்டியின் முன்னாலேயே கொலைகளை ஒப்புக்கொண்டார்கள். ஏடு தோற்ற இடத்தில் நாடா நின்றது. ஆகவே, சுருக்கி எழுதி வைத்தால் போதாது. முழுக் குரலும் இருக்க வேண்டும்.

அதுவும் ஒரே இடத்தில் இருக்கக் கூடாது. பெய்ரூட்டில் இருந்த பாலஸ்தீன ஆய்வு மையத்தின் நூல்களையும் ஆவணங்களையும் 1982-இல் இஸ்ரேலியப் படை லாரிகளில் அள்ளிக்கொண்டு போயிற்று. 1983-இல் கைதிகளைப் பரிமாறியபோதுதான் அவை திரும்பக் கிடைத்தன. அள்ளிப் போனதே, எதிரிக்கும் அதன் மதிப்புத் தெரியும் என்பதற்கு அத்தாட்சி.

வேலை நடக்காமல் இல்லை. லெபனான் முகாம்களில் 1970-களிலேயே நாஃபெஸ் நஸ்ஸாலும் ரோஸ்மேரி சாயிக்கும் அகதிகளைப் பேசவைத்து நூல்கள் எழுதினார்கள். 2002 முதல் நக்பா ஆவணத் தொகுப்பு என்ற முயற்சி, லெபனானில் ஐந்நூறுக்கும் மேற்பட்ட முதியவர்களைப் படம்பிடித்தது. பெய்ரூட் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஆயிரம் மணி நேரத்துக்கும் மேலான குரல்களை 2019-இல் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டது.

எனக்கு ஒரு குறை உண்டு. கேட்பவர்கள் பலரும் ஓடிவந்த நாளை மட்டுமே கேட்கிறார்கள். அதற்கு முந்திய நாள்? குத்தகை எவ்வளவு, நிலக்காரன் எப்படி நடத்தினான், பங்காளிச் சண்டை எதனால் வந்தது? இதெல்லாம் சொன்னால் மானம் போய்விடாது. குற்றங்குறை இல்லாத ஊரைச் சொன்னால்தான் யாரும் நம்பமாட்டார்கள். பெண்களையும் தனியே கேளுங்கள். ஆண்பிள்ளைகள் பக்கத்தில் இருந்தால் அவர்களே பேசிவிடுவார்கள். இதை நம் வீட்டிலும் பார்க்கிறோமே!

கதை 1948-உடன் நிற்கவும் இல்லை. 1990-க்கு முன் குவைத்தில் வேலை பார்த்த நம்மவர்கள் அங்கே பாலஸ்தீன ஆசிரியர்களையும் எழுத்தர்களையும் பொறியாளர்களையும் கண்டிருப்பார்கள். சுமார் நான்கு இலட்சம் பேர் அங்கே வாழ்ந்தார்கள். வளைகுடாப் போரை ஒட்டி 1991-க்குள் பெரும்பாலோர் மறுபடி பெட்டி கட்ட நேர்ந்தது. அந்த இரண்டாம் பெயர்ச்சியைக் கண்டவர்களுக்கும் இப்போது நரை விழுந்துவிட்டது.

முகாமில் இன்று பிள்ளைகள் கையிலும் கைபேசி இருக்கிறது. பேத்தி அதைப் பாட்டியின் எதிரே வைத்து, "நம் வீட்டு வாசல் எந்தப் பக்கம் பார்த்திருந்தது?" என்று கேட்கட்டும். பாட்டி பேசி முடிக்கும்வரை நிறுத்த வேண்டாம்.