முதல் மரியாவை மறக்கலாமா?

'சவுண்ட் ஆஃப் மியூசிக்' என்றதும் நம் மனக்கண்முன் தோன்றுபவர் யார்? பசும்புல் மலைமீது கைகளை விரித்துப் பாடிவரும் ஜூலி ஆண்ட்ரூஸ் அன்றோ! 1965இல் வெளிவந்த அந்தப் படத்தில், கன்னியர் மடத்திலிருந்து ஏழு பிள்ளைகளின் இல்லத்திற்கு வந்த மரியாவிடம் மனத்தைப் பறிகொடுக்காத மாணவியர் நம்மில் மிகச் சிலரே. ஆனால் அதற்கு ஒன்பது ஆண்டுகளுக்கு முன்பே இதே மரியாவாகத் திரையில் வாழ்ந்து காட்டிய ஜெர்மானிய நடிகை ஒருவர் உண்டு. அவர் பெயர் ரூத் லாய்வெரிக். அவரை நாம் அறியாதிருப்பது முறைதானா?

1924ஆம் ஆண்டு எஸ்ஸன் நகரில் பிறந்த இவரது இளமை, போரின் கொடிய நிழலிலேயே கழிந்தது. குண்டுவீச்சில் எஸ்ஸன் நகரமே சிதைந்தது. நாடக மேடையில் பயின்று, 1950இல் திரையுலகில் அடியெடுத்து வைத்தார். தாமஸ் மானின் நாவலைத் தழுவிய படத்தில் 1953இலும், ஆஸ்திரியப் பேரரசி எலிசபெத்தாக 1955இலும், பிரஷ்ய அரசி லூயிஸாக 1957இலும் நடித்தார். தந்தையை, கணவனை, வீட்டை இழந்து நின்ற மக்களுக்கு, அமைதியும் கண்ணியமும் நிறைந்த அந்த முகம் ஆறுதல் தந்தது.

1956இல் 'டிராப் குடும்பம்' வெளிவந்து மாபெரும் வெற்றி பெற்றது. அதைக் கண்ட அமெரிக்க இயக்குநர் வின்சென்ட் டோனஹியூ, நடிகை மேரி மார்ட்டினிடம் அதைப் பற்றிச் சொன்னார். 1959இல் அது நியூயார்க் மேடையில் இசை நாடகமாயிற்று. பின்னரே நாம் அறிந்த படமாயிற்று. வேர் ஜெர்மனியில், கனி அமெரிக்காவில்! மெய்யான மரியா டிராப் அம்மையாரோ, தம் கதையின் உரிமையை ஜெர்மன் தயாரிப்பாளரிடம் வெறும் 9,000 டாலருக்கு விற்றுவிட்டார். கையெழுத்திடுமுன் படித்துப் பார் என்று பெரியோர் சொல்வது வீணல்ல!

அக்காலத்துப் பொழுதுபோக்குப் படங்கள் வெறும் சர்க்கரைப் பாகு என்பார் உளர். நாட்சிகள் இழைத்த கொடுமைகளைப் பற்றி அவை பெரும்பாலும் வாய் திறக்கவில்லை என்பர். அதில் உண்மை இல்லாமல் இல்லை. புண்ணை மூடி வைத்தால் மட்டும் ஆறிவிடாது என்பதை நாமும் ஒப்புக்கொள்கிறோம். ஆயினும் அக்குறையை ஒரு நடிகையின் தலைமேல் மட்டும் சுமத்துவது நீதியாகாது. 1958இல் வந்த 'டைகா' என்னும் படத்தில், சோவியத் சிறைமுகாமில் நம்பிக்கையிழந்த போர்க்கைதிகளிடையே பணிபுரியும் பெண் மருத்துவராக நடித்தவரும் இவரே. போர்க்கைதிகளில் கடைசியானவர்கள் தாயகம் திரும்பி அப்போது இரண்டு மூன்று ஆண்டுகளே ஆகியிருந்தன என்பதை எண்ணிப் பார்த்தால், அப்படத்தின் கனம் விளங்கும்.

நம் உள்ளத்தைத் தைப்பது வேறொன்று. 'இலட்சியப் பெண்' என்ற பட்டம் அவரை உயர்த்தியது. அதுவே அவரைக் கட்டியும் போட்டது. 1962இல், கணவனைப் பிரிந்து வெனிஸ் நகரில் தன்னந்தனியே திரியும் கலங்கிய பெண்ணாக அவர் நடித்தபோது, அப்படத்திற்கு வரவேற்பு கிட்டவில்லை. புன்னகைக்கும் மரியாவைப் போற்றியவர்கள், துன்புறும் பெண்ணை ஏற்கவில்லை! 'நல்ல பெண்' என்று நம்மைப் புகழ்வோரும் சில வேளைகளில் இத்தகைய கூண்டைத்தானே செய்கிறார்கள்? நல்லவளாக இருப்பது வேறு. பிறர் வரைந்த படமாகவே இருப்பது வேறு.

1963க்குப் பிறகு அவர் மெல்ல மெல்லத் திரையுலகை விட்டு விலகினார். 1979இல் தாமஸ் மானின் 'புடன்புரோக்ஸ்' தொலைக்காட்சித் தொடரில் குடும்பத் தாயாக மீண்டும் தோன்றினார். 2016 ஜனவரியில் தம் 91ஆம் வயதில் மியூனிக் நகரில் மறைந்தார்.

முதலில் பாதை வெட்டியவரை மறந்து, அதில் தேரோட்டி வந்தவரை மட்டுமே போற்றுவது உலக வழக்கம். ஜூலி ஆண்ட்ரூஸின் இனிய குரலை இனியும் நாம் மகிழ்ந்து கேட்போம். கேட்கும்போது, அவருக்குமுன் அதே வேடத்தை ஏற்று நின்ற அந்தப் பெண்மணியையும் ஒரு கணம் நினைத்துக்கொள்வோம். நன்றி மறவாமை நமக்கும் அழகுதானே, தோழியரே!