டிஸ்க் மாறினால் தொழில் நிற்கிறது! மெக்கானிக்குகளை வாட்டும் கணிப்பொறிப் பூட்டு

பெங்களூர், ரிச்சர்ட்ஸ் டவுன், காக்ஸ் டவுன் வட்டாரத்தில் வண்டி ரிப்பேர் பார்க்கும் நம்மவர்களுக்கு ஸ்பானர் மட்டும் இருந்தால் போதும் என்ற காலம் மலையேறிவிட்டது. 2020 ஏப்ரல் 1 முதல் பி.எஸ்.6 விதி அமலுக்கு வந்தபின், புது வண்டிகளின் பல கோளாறுகளைக் கேபிள் செருகிக் கணிப்பொறியில்தான் படிக்க வேண்டியிருக்கிறது.

படித்துச் சொல்லும் மென்பொருளுக்கு ஒரு பூட்டு உண்டு. கணிப்பொறியின் மதர்போர்டு, ஹார்ட் டிஸ்க், நெட்வொர்க் கார்டு போன்றவற்றின் எண்களைக் கூட்டி அது ஓர் அடையாள எண் செய்துகொள்கிறது. லைசென்ஸ் அந்த எண்ணுக்குத்தான். வாங்கிய ஆளுக்கு அல்ல! டிஸ்க் பழுதாகி மாற்றினாலோ, சில மென்பொருள்களில் விண்டோசை மறுபடி ஏற்றினாலோ எண் மாறிவிடும். "ஹார்டுவேர் ஐ.டி. பொருந்தவில்லை" என்று திரை கையை விரிக்கும். பணம் கொடுத்து வாங்கியவர் திருடனைப்போல் விழிக்க, வண்டி ஷெட்டிலேயே கிடக்கும். அன்றைய கூலி போயிற்று.

மென்பொருள் எழுதியவரும் பிழைக்க வேண்டும். பூட்டுப் போட்டதைக் குறை சொல்வதற்கில்லை. பூட்டை வேறு கதவுக்கு மாற்ற வழி வைத்திருக்கிறார்களா என்பதே கேள்வி.

உதிரி பாகங்களையும் பழுதறியும் கருவிகளையும் வெளி மெக்கானிக்குகளுக்குக் கிடைக்காமல் செய்ததாக 14 கார் கம்பெனிகளுக்கு இந்தியப் போட்டி ஆணையம் 2014 ஆகஸ்டில் சுமார் 2,544 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. வழக்கு மேல்முறையீட்டுக்குப் போனது தனிக்கதை. 2022 ஜூலையில் பழுதுபார்க்கும் உரிமை பற்றி ஆராய மத்திய நுகர்வோர் துறை ஒரு குழு அமைத்தது. வாகனங்களும் அதன் பட்டியலில் உண்டு. ஆனால் கருவி கிடைப்பது வேறு. வாங்கிய கருவி டிஸ்க் மாறிய பிறகும் திறப்பது வேறு.

இந்தப் பிழை வந்தால் முதலில் கணிப்பொறியின் தேதியைப் பாருங்கள். உள்ளே இருக்கும் சிறு பேட்டரி தீர்ந்து தேதி பின்னே போனாலும் லைசென்ஸ் மறுக்கும். கழற்றிய நெட் கார்டு ஏதும் இருந்தால் திரும்பச் செருகிப் பாருங்கள். டிஸ்க் மாற்றும் எண்ணம் இருந்தால் பழைய எண்ணை முன்கூட்டியே தாளில் குறித்துக்கொண்டு, மென்பொருளில் வசதி இருந்தால் லைசென்சை விடுவித்துவிடுங்கள். பிறகு பில், பழைய எண், புது எண் மூன்றையும் விற்றவருக்கு அனுப்பி மாற்றிக் கேட்கலாம். மலிவாகக் கிடைக்கும் பூட்டுடைத்த பிரதியில் இந்த வழியும் அடைபட்டுப்போகும். பில்லும் இல்லை, கேட்க ஆளும் இல்லை.

புதிதாக வாங்குபவர்கள், லைசென்சை வேறு கணிப்பொறிக்கு எத்தனை முறை, என்ன கட்டணத்தில் மாற்றித் தருவார்கள் என்பதைப் பில்லிலேயே எழுதி வாங்கலாம். இதற்கு எந்தக் குழுவின் சிபாரிசுக்கும் காத்திருக்க வேண்டியதில்லை.