தவலை அடையும் பள்ளிக்கூடத்து முதல் மணியும்

காலை ஆகாரத்தைப் பற்றி எழுதப் போகிறோம் என்றதும், "இதில் எழுதுவதற்கு என்ன இருக்கிறது? இட்லி, தோசை, பொங்கல், ஒன்றும் இல்லாவிட்டால் இருக்கவே இருக்கிறது பழையது" என்று நேயர்கள் நினைக்கலாம். நினைப்பது நியாயமே. ஆயினும், வருஷக் கணக்காகக் காலை முதல் மணிக்கு வகுப்பில் நின்று பாடம் சொல்லி வரும் எமக்கு, இவ்விஷயம் கணக்குக்கும் இலக்கணத்துக்கும் முந்தியதாகவே தோன்றுகிறது. வெறும் வயிற்றோடு உட்கார்ந்திருக்கும் பிள்ளையின் காதில் புணர்ச்சி விதி ஏறுவதில்லை. பிரார்த்தனைக் கூட்டத்தில் வெயில் சற்று ஏறியதும் தலை சுற்றிச் சாயும் பிள்ளைகளைத் தாங்கிப் பிடித்து நிழலுக்குக் கொண்டு போன அனுபவம் எல்லா உபாத்தியாயர்களுக்கும் உண்டு.

எமது கெங்கவல்லி சுவேத நதிக் கரையில் உள்ள ஊர். தெற்கே பச்சைமலை. சுற்றிலும் தோட்டம் துரவு. மரவள்ளிக் கிழங்கை இந்தப் பக்கத்தில் குச்சிக்கிழங்கு என்போம். களை எடுக்கவும் கிழங்கு பிடுங்கவும் போகிற தாய்மார் வெயிலுக்கு முன்னால் வேலையைத் தொடங்கியாக வேண்டும். அவர்கள் புறப்படும் வேளையில் பிள்ளை பாயில் புரண்டு கொண்டிருப்பான். அவன் எழுந்து பார்க்கும்போது அடுப்பு ஆறிக் கிடக்கும். பஸ்ஸுக்கோ நேரமாகி விட்டது! "காலையில் என்ன சாப்பிட்டாய்?" என்று ஒருவனைக் கேட்டோம். "டீ குடிச்சேன், சார்" என்றான். டீ ஓர் ஆகாரமா என்று அவனிடம் விவாதிக்க எமக்கு மனம் வரவில்லை.

பள்ளிப் பிள்ளைகளின் பசியைத் தமிழ்நாடு அறியாமல் இல்லை. 1956-ல் காமராஜர் காலத்தில் மதிய உணவுத் திட்டம் தொடங்கிற்று. 1982-ல் எம். ஜி. ஆர். சர்க்கார் அதைச் சத்துணவுத் திட்டமாக விரித்தது. 2022 செப்டம்பர் 15-ம் தேதி மதுரையில் காலை உணவுத் திட்டம் பிறந்தது. மறு வருஷம் ஆகஸ்டில் அது எல்லா அரசு ஆரம்பப் பள்ளிகளுக்கும் பரவிற்று. உப்புமாவும் கிச்சடியும் பொங்கலும் தின்றுவிட்டு உட்காரும் சிறுவர்களின் முகத்தெளிவை நாம் கண்ணால் கண்டிருக்கிறோம். ஆனால் அத்திட்டம் ஒன்றாம் வகுப்பு முதல் ஐந்தாம் வகுப்பு வரையுள்ள பிள்ளைகளுக்கென்று வகுக்கப்பட்டது. ஆறாம் வகுப்பில் சேர்ந்த அன்றே பசி நின்றுவிடுமா? வளரும் பிராயத்தில் அது இரட்டிப்பாகிறது. ஆகவே, மேல்வகுப்புப் பிள்ளையின் காலை வேளை வீட்டின் பொறுப்பாகவே இருக்கிறது. அந்தப் பொறுப்பை எப்படி இலேசாக்குவது என்பதுதான் இந்த வாரத்துக் கேள்வி.

அமெரிக்க வீடுகளில் இதற்கு ஓர் உபாயம் வைத்திருக்கிறார்கள். ரொட்டித் துண்டுகளை ஒரு தட்டையான பாத்திரத்தில் பரப்பி, முட்டையும் பாலும் கலந்து ஊற்றி, பாலாடைக் கட்டியோ இறைச்சியோ தூவி இராத்திரியே மூடி வைத்து விடுகிறார்கள். விடிந்ததும் 'ஓவன்' என்னும் சூட்டுப்பெட்டிக்குள் அதைத் தள்ளிவிட்டால், குளித்துவிட்டு வருவதற்குள் பலகாரம் தயார்! யாரும் அடுப்பண்டை நின்று ஒவ்வொன்றாக வார்த்துப் போட வேண்டியதில்லை. இதற்குக் 'காஸரோல்' என்று பெயர். பிரெஞ்சுக்காரர்கள் பாத்திரத்துக்கு வைத்த பெயர் அது. பிறகு பாத்திரத்துக்குள் இருக்கும் பண்டத்துக்கும் அதுவே பெயராயிற்று. 1915-ல் 'பைரெக்ஸ்' கண்ணாடிப் பாத்திரம் கடைக்கு வந்தபின், சுட்ட பாத்திரத்தையே மேஜைக்குக் கொண்டு வருவது சுலபமாயிற்று. நம் வீடுகளிலோ காஸரோல் என்றால் சப்பாத்தியைச் சூடாக வைக்கும் பிளாஸ்டிக் டப்பா என்று பொருளாகிவிட்டது. வார்த்தைகளின் தலைவிதி அப்படி!

பாத்திரத்தின் பெயரைத் தாங்கிய பண்டம் நம்மிடமும் ஒன்று உண்டு. அதுதான் தவலை அடை. வெண்கலத் தவலையில் எண்ணெய் விட்டு, அரிசியும் பருப்பும் சேர்ந்த மாவைக் கனமாகத் தட்டி, மூடி போட்டு நிதானமாக வேகவைப்பது. கீழே கரி நெருப்பு. மூடியின் மேலும் கொஞ்சம் தணல். அடியிலிருந்து மட்டும் சூடு ஏறினால், மேலே வேகுமுன் கீழே கருகிவிடும். இரண்டு பக்கமும் சூடு இருந்தால் நடுப்பகுதி பதமாக வெந்து, மேலும் கீழும் பொன்னிறமாக முறுகும். சூட்டுப்பெட்டி செய்யும் காரியமும் இதுவே. அரிசியையும் பருப்பையும் அரைத்துப் புளிக்க வைத்து, சுரைக்காய் சேர்த்துக் குஜராத்திகள் சுட்டெடுக்கும் ஹாண்ட்வோவும் இந்தக் குடும்பத்தைச் சேர்ந்ததுதான்.

எமது வீட்டில் நாம் கையாளும் முறையை இங்கே சொல்லுகிறோம். சம்பிரதாயமான தவலை அடைக்கு மாவை ரவையாக உடைத்து, உப்புமாவைப் போல் கிளறிக்கொண்டு பிறகு தட்டுவார்கள். நாம் இராத்திரியே அரைத்து வைக்கும்படி அதைச் சற்று மாற்றிக் கொண்டிருக்கிறோம்.

நான்கு பேருக்குப் புழுங்கலரிசி 1 டம்ளர், சாமை அரிசி ½ டம்ளர், துவரம் பருப்பு ½ டம்ளர், கடலைப் பருப்பு ¼ டம்ளர் போதும். சாயங்காலம் இவற்றைக் களைந்து, நாலைந்து மிளகாய் வற்றலுடன் மூன்று மணி நேரம் ஊறவைக்க வேண்டும். படுக்கப் போகுமுன் உப்பும் பெருங்காயமும் சேர்த்துக் கொரகொரப்பாக, கெட்டியாக அரைத்து மூடி வைக்க வேண்டும். வெயில் காலத்தில் நம் பக்கத்து உஷ்ணத்துக்கு மாவு மட்டுமீறிப் புளித்துவிடும். குளிர்பெட்டி உள்ளவர்கள் அதில் வைப்பது உத்தமம்.

கால் கிலோ குச்சிக்கிழங்கையும் இராத்திரியே வேகவைத்துக் கொள்ளலாம். இதில் ஜாக்கிரதை வேண்டும். பச்சைக் கிழங்கில் சயனைடு விஷத்தைப் பிறப்பிக்கும் சத்து இருக்கிறது. கசப்புக் கிழங்கில் அது அதிகம். தோலை முழுவதும் உரித்து, துண்டுகளாக்கி, தாராளமாகத் தண்ணீர் விட்டுத் திறந்த பாத்திரத்தில் நன்றாக வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட வேண்டும். கசக்கும் கிழங்கை உபயோகிக்கவே கூடாது. வெந்த கிழங்கு ஆறியதும் குளிர்பெட்டியில் வைக்கலாம். அஃது இல்லாதவர்கள் காலையில் வேகவைப்பதே நல்லது.

விடிந்ததும் கிழங்கை மசித்து மாவில் சேர்த்து, அரிந்த சின்ன வெங்காயம், ஒரு கை முருங்கைக் கீரை, அரை மூடித் தேங்காய்த் துருவல், பொடித்த மிளகு சீரகம் எல்லாவற்றையும் கலக்க வேண்டும். பத்து அங்குல அகலமுள்ள அடிகனமான பாத்திரத்தில் இரண்டு மூன்று கரண்டி நல்லெண்ணெய் விட்டு, கடுகும் கறிவேப்பிலையும் தாளித்து, மாவை அப்படியே அதில் கொட்டிச் சமமாகப் பரப்பி மூடிவிட வேண்டும். கனம் இரண்டு விரற்கடை இருக்கலாம். தீ மிகவும் தணிவாக எரியட்டும். கரியடுப்பானால் மூடிமேல் தணல் வைக்கலாம். காஸ் அடுப்பானால் இருபது இருபத்தைந்து நிமிஷத்தில் ஓரம் சிவந்து, மேற்புறம் ஈரம் வற்றியிருக்கும். அப்போது ஒரு தட்டில் கவிழ்த்து, மறுபுறமாகப் பாத்திரத்தில் சறுக்கிவிட்டு, மேலும் பத்து நிமிஷம் வைத்தால் போதும். ஈர்க்கைக் குத்திப் பார்த்தால் மாவு ஒட்டாமல் வர வேண்டும். முட்டை சாப்பிடுகிறவர்கள் இரண்டு முட்டையை அடித்து மாவிலேயே கலந்து கொள்ளலாம். புஷ்டிக்குப் புஷ்டி, பிடிப்புக்குப் பிடிப்பு.

சேலத்து மாக்கல் சட்டி வீட்டில் இருந்தால் தவலையை மறந்துவிடலாம். கல் மெதுவாகச் சூடேறி, சூட்டை வெகு நேரம் விடாமல் வைத்திருக்கும். தீயை அணைத்த பின்னும் உள்ளே வேகும் வேலை நடந்து கொண்டேயிருக்கும். ஆனால் புதுச் சட்டியை உடனே அடுப்பில் ஏற்றக்கூடாது. எண்ணெயும் மஞ்சளும் பூசி, வடித்த கஞ்சியைச் சூடாக ஊற்றி, சில நாள் பழக்க வேண்டும். சூடான சட்டியில் பச்சைத் தண்ணீர் பட்டால் விரிசல் விட்டுவிடும்.

அடையைச் சதுரமாக வெட்டி வெல்லத்தோடு வைத்தால் தொட்டுக் கொள்ள வேறொன்றும் தேவையில்லை. இரண்டு துண்டு தின்றுவிட்டுப் போகும் பிள்ளைக்கு மத்தியான மணி அடிக்கும் வரை வயிறு நினைவுக்கு வராது. மிச்சத்தைத் தூக்குப் போசியில் போட்டுத் தாய் தோட்டத்துக்கு எடுத்துப் போகலாம். தேங்காய் சேர்ந்திருப்பதால் மத்தியானத்துக்குள் சாப்பிட்டுவிட வேண்டும்.

இனி, முக்கியமான விஷயத்துக்கு வருகிறோம். "ஏற்கெனவே நாலு மணிக்கு எழுந்திருக்கும் பெண்பிள்ளை தலையில் இன்னொரு வேலையைக் கட்டுகிறீரே!" என்று எவரேனும் எம்மைக் கேட்கலாம். கட்டவில்லை, இருக்கும் வேலையைப் பிரித்துப் போடச் சொல்லுகிறோம். தோசையானால் கடைசி ஆள் சாப்பிடும் வரை ஒருத்தி அடுப்பண்டையே நின்றாக வேண்டும். இந்த அடை ஒரே ஈடுதான். மூடி போட்டபின் அது தன்பாட்டில் வேகும். அரிசி களைந்து ஊறப் போடுவதற்குப் பன்னிரண்டு வயதுப் பையனுக்குக் கை இல்லையா? அரவை யந்திரத்தின் விசையை அழுத்துவதற்குத் தகப்பனாருக்குப் பலம் போதாதா? கீரை உருவுவதும் வெங்காயம் உரிப்பதும் இராத்திரி எல்லோரும் பேசிக்கொண்டே செய்யக்கூடிய காரியங்கள். தாய் காலையில் செய்ய வேண்டியது கலந்து கொட்டி மூடுவது ஒன்றே. அவள் சீக்கிரமாகப் புறப்பட வேண்டிய நாளில் அதையும் பெரிய பிள்ளைகள் செய்யலாம்.

படிப்பு ஏறவில்லை என்று பிள்ளைகளைக் கடிந்து கொள்ளும் பெற்றோர்களையும், எம்மைப் போன்ற உபாத்தியாயர்களையும் ஒன்று கேட்டுக் கொள்கிறோம். மார்க்கு என்ன என்று கேட்பதற்கு முன்னால், காலையில் என்ன சாப்பிட்டான் என்று கேளுங்கள். அந்தக் கேள்விக்கு நல்ல பதில் கிடைக்க வேண்டுமானால், இன்று சாயங்காலமே அரிசியையும் பருப்பையும் ஊறப் போட்டு விடுங்கள்.