தொண்டை கட்டிருச்சுண்ணே

போன வருசம் தை மாசம். எங்கள் தோட்டத்தில் சின்ன வெங்காயம் பிடுங்கிக்கொண்டிருந்தோம். பத்துப் பன்னிரண்டு பெண்கள் வேப்ப மர நிழலில் உட்கார்ந்து தாள் அறுத்துக்கொண்டிருந்தார்கள். அதில் ஒருத்தர் வாய் ஓயாமல் பேசுகிற ஆள். அவர் இருந்தால் வேலை நடக்கிற களைப்பே தெரியாது. அன்றைக்கு ஒரு வார்த்தை பேசவில்லை. "என்னம்மா, யார் மேல கோவம்?" என்று கேட்டேன். "தொண்டை கட்டிருச்சுண்ணே. பனி" என்றார். குரல் பாதிக்குமேல் காற்றாக வந்தது. மத்தியானம் சோற்றை முழுங்க முடியாமல் தண்ணீர் ஊற்றிக் கரைத்துக் குடித்ததையும் பார்த்தேன். "சுக்குத் தண்ணி வச்சுக் குடிம்மா" என்று சொல்லிவிட்டு மூட்டை தைக்கப் போய்விட்டேன்.

மூன்று வாரம் கழித்து ஒரு ராத்திரி, பிள்ளையை இடுப்பில் தூக்கிக்கொண்டு எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். என் வீட்டம்மாவிடம்தான் எல்லாவற்றையும் சொன்னார். பனியும் இல்லை, ஒன்றும் இல்லை. புருஷன் குடித்துவிட்டு வந்து கழுத்தை நெரித்திருக்கிறான். கண் இருட்டி, கொஞ்ச நேரம் நினைவே இல்லையாம். அது முதல் தடவை. இன்றைக்கு இரண்டாம் தடவை.

யார், எந்த ஊர் என்று கேட்காதீர்கள். அடையாளம் தெரியாமல் இருக்கச் சிலதை மாற்றித்தான் எழுதுகிறேன். ஒன்றை மட்டும் மாற்றவில்லை. அதற்கு ஒரு வருசம் முன்னால் அவர்கள் வீட்டுச் சண்டை ஊர்ப் பெரியவர்கள் முன்னால் வந்தபோது நானும் அங்கே உட்கார்ந்திருந்தேன். "புள்ளைய நெனச்சு அனுசரிச்சுப் போ தாயி" என்று சொன்ன வாய் என்னுடையதுதான்.

மறுநாள் போலீஸ் ஸ்டேஷனுக்குக் கூட்டிக்கொண்டு போனோம். "காயம் ஒண்ணும் தெரியலையேம்மா" என்றார்கள். மனு வாங்கி சி.எஸ்.ஆர். ரசீது கொடுத்தார்கள். புருஷனைக் கூப்பிட்டு, இனிமேல் அடிக்க மாட்டேன் என்று எழுதி வாங்கிக்கொண்டு இரண்டு பேரையும் ஒன்றாகவே அனுப்பிவைத்தார்கள். அங்கே இருந்தவர்கள் கெட்டவர்கள் என்று நான் சொல்லவில்லை. அவர்களும் என்னை மாதிரியே காயத்தைத் தேடினார்கள். அவ்வளவுதான்.

அதற்கப்புறம்தான் ஒரு வக்கீல் நண்பரைப் பிடித்து உட்காரவைத்து சட்டத்தைக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். கேட்கக் கேட்க எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. நாங்கள் எல்லாரும் காயத்தைத் தேடிக்கொண்டிருக்கிறோம். சட்டம் ஆபத்தைத் தேடச் சொல்கிறது.

கவனக்குறைவாக, அலட்சியமாக ஒரு காரியம் செய்து அடுத்தவர் உயிருக்கு ஆபத்து உண்டாக்கினால், யாருக்கும் ஒரு கீறல் விழாவிட்டாலும் அது குற்றம். 1860-ல் எழுதிய இந்திய தண்டனைச் சட்டத்தில் 336-வது பிரிவாக இருந்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் 125-வது பிரிவு. மூன்று மாதம் வரை சிறை. அபராதம் அந்தக் காலத்தில் 250 ரூபாய், இப்போது 2,500. ஆபத்து உண்டாக்கியதே குற்றம் என்ற எண்ணம் நம் சட்டத்துக்குப் புதுசு இல்லை என்பதற்காகச் சொல்கிறேன்.

கட்டின மனைவி விஷயத்துக்கு வருவோம். 1983-ல் சேர்த்த 498-ஏ பிரிவு, இப்போது 85, 86. கணவனோ அவன் சொந்தக்காரர்களோ செய்கிற கொடுமைக்கு மூன்று வருசம் வரை சிறை. கொடுமை என்றால் என்ன என்று 86-ல் விளக்கம் இருக்கிறது. பெண்ணின் உயிருக்கோ, உறுப்புக்கோ, உடல் நலத்துக்கோ, மன நலத்துக்கோ ஆபத்து வரக்கூடிய நடத்தையும் அதில் சேரும். 2005-ல் வந்த குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்திலும், காயப்படுத்துவதோடு ஆபத்துக்கு உள்ளாக்குவதும் வன்முறை என்றே எழுதியிருக்கிறார்கள்.

அப்படியானால் கழுத்தை நெரிப்பது எதில் சேரும்? சூழ்நிலையைப் பொறுத்துக் கொலை முயற்சிப் பிரிவே போடலாம். ஆனால் வெளியே தழும்பு இல்லாவிட்டால் அதைச் சாதாரண அடிதடியாக எழுதிவிடுவது சுலபம். சாதாரண காயம் என்று ஆகிவிட்டால், மாஜிஸ்திரேட் உத்தரவு இல்லாமல் போலீஸ் விசாரிக்கவே முடியாத வகைக் குற்றமாகிவிடும். சி.எஸ்.ஆர். ரசீதோடு கதை முடிந்தது.

கழுத்தை நெரித்தால் தழும்பு தெரியும் என்று நாம் நினைப்பதே தப்பு. அமெரிக்காவில் சான் டியாகோ நகரத்தில் இப்படிப்பட்ட 300 வழக்குகளை எடுத்துப் பார்த்து 2001-ல் வெளியிட்டார்கள். பாதிப் பேருக்கு வெளிக்காயமே தெரியவில்லை. குரல் மாறுவது, முழுங்கச் சிரமம், நினைவு தப்புவது - இதெல்லாம்தான் அடையாளம். அங்கேயே 2008-ல் வந்த இன்னொரு ஆய்வு, முன்பு ஒரு தடவை கழுத்து நெரிக்கப்பட்ட பெண் பின்னால் அதே ஆளால் கொல்லப்படும் வாய்ப்பு ஏழு மடங்குக்கு மேல் என்று சொல்கிறது. இங்கிலாந்தில் 2021-ல் சட்டம் போட்டு, 2022 ஜூன் முதல், உயிர் போகாவிட்டாலும் கழுத்தை நெரிப்பதைத் தனிக் குற்றமாகவே ஆக்கிவிட்டார்கள். ஐந்து வருசம் வரை சிறை. நமக்கும் அப்படி ஒரு தனிப் பிரிவு வேண்டும் என்பது என் கருத்து. பேர் இல்லாத குற்றத்தை ஸ்டேஷனிலும் ஆஸ்பத்திரியிலும் யாரும் கேட்பதில்லை.

மெலிந்த குரல், முழுங்க முடியாத சோறு. இரண்டையும் என் கண்ணால் பார்த்துவிட்டு நான் சுக்குத் தண்ணி சொன்னேன்.

உயிர் போன பிறகு விழித்துக்கொள்வது எங்கள் ஊர்ப் பக்கத்துக்குப் பழகின விஷயம். 2019 அக்டோபரில் எங்களுக்குப் பக்கத்து மாவட்டத்தில், மணப்பாறை அருகே நடுக்காட்டுப்பட்டியில் இரண்டு வயசுக் குழந்தை ஆழ்துளைக் கிணற்றில் விழுந்து, நாலு நாள் கழித்து உடலாக வெளியே வந்தது. கைவிட்ட போர்களை மூடவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2010-லேயே சொல்லியிருந்தது. என் தோட்டத்திலும் தண்ணீர் வராத ஒரு போர் ஒரு சாக்கைச் சுருட்டிச் செருகினபடி கிடந்தது. அந்த வாரம்தான் ஓடிப்போய் இரும்பு மூடி போட்டு வெல்டிங் வைத்தேன். எங்கள் ஊரில் எல்லாரும் அந்த வாரம்தான் மூடினோம். ஒன்பது வருசம் அது ஆபத்து என்று யாருக்கும் தெரியாமலா இருந்தது?

வீட்டுக்குள் நடப்பதும் தெரியும். இங்கே சுவர் தாண்டிச் சத்தம் கேட்கும். தேசிய குடும்ப நல ஆய்வு 2019-21-ன்படி தமிழ்நாட்டில் கல்யாணமான பெண்களில் 38 சதவீதம் பேர் கணவனிடம் வன்முறையை அனுபவித்திருக்கிறார்கள். வெங்காயம் அறுக்கப் பத்துப் பேர் உட்கார்ந்தால் நாலு பேர் கணக்கு. சென்னையிலும் கோவையிலும் இருந்து இதைப் படிக்கிற நீங்கள், கிராமத்து விவகாரம் என்று நினைக்காதீர்கள். உங்கள் லிஃப்டில் ஏறுகிறவர்களும் இந்தக் கணக்கில்தான் இருக்கிறார்கள்.

"அடுத்த வீட்டு விஷயத்தில் நாம எப்படி?" என்பதுதான் எல்லாரும் கேட்கிற கேள்வி. நானும் கேட்டேன். குடும்ப வன்முறைச் சட்டத்தின் 4-வது பிரிவு இதற்குப் பதில் சொல்கிறது. வன்முறை நடந்தது, நடக்கிறது, நடக்கப்போகிறது என்று நம்பக் காரணம் இருக்கிற யார் வேண்டுமானாலும் பாதுகாப்பு அலுவலருக்குத் தகவல் கொடுக்கலாம். நல்லெண்ணத்தோடு சொன்னவர் மேல் எந்த வழக்கும் வராது. "நடக்கப்போகிறது" என்ற சொல்லைக் கவனியுங்கள். கழுத்தில் கை வைத்தவன் மறுபடி வைப்பான் என்று தெரிந்தும் காத்திருக்க வேண்டியது இல்லை.

பொய் வழக்கு வராதா என்று பின்னூட்டத்தில் கேட்பீர்கள். வருகிறது. குடும்பத்தில் இருக்கிற எல்லார் பெயரையும் எழுதிக் கொடுக்கிற புகார்களை நானே பார்த்திருக்கிறேன். அதனால்தான் 2014-ல் அர்னேஷ் குமார் வழக்கில், 498-ஏ என்றவுடன் கைது செய்யக்கூடாது, காரணத்தை எழுதவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. சரியான தீர்ப்புதான். ஆனால் புகார் பொய்யா என்று பார்ப்பதற்கு விசாரிக்க வேண்டும். விசாரிக்காமல் சமாதானம் பேசி அனுப்பிவிட்டால் பொய்யும் தெரியாது, மெய்யும் தெரியாது.

இன்னொன்று, நிறையப் பெண்களுக்குப் புருஷன் ஜெயிலுக்குப் போகவேண்டும் என்ற எண்ணமே இல்லை. அடி நிற்கவேண்டும், இருக்க இடம் வேண்டும், பிள்ளைக்குச் சோறு வேண்டும். 2005 சட்டம் அதற்குத்தான். பக்கத்தில் வரக்கூடாது, வீட்டை விட்டுத் துரத்தக்கூடாது, மாசம் இவ்வளவு பணம் கொடு என்று மாஜிஸ்திரேட் உத்தரவு போடலாம். பாதுகாப்பு உத்தரவை மீறினால்தான் ஒரு வருசம் வரை சிறை, அல்லது 20,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். எங்கள் பெண்ணுக்கும் கடைசியில் இந்த வழிதான் கைகொடுத்தது. 60 நாளில் முடிக்க முயலவேண்டும் என்கிறது சட்டம். அதைவிடக் கூடுதலாகவே இழுத்தது. ஆனாலும் உத்தரவு வந்தது.

நம்ம திண்டுக்கல்லிலேயே ஒரு முன்மாதிரி இருக்கிறது. 2021 ஜனவரியில் இங்கே ஒரு ஆடை ஆலையில் வேலை பார்த்த இளம்பெண் கொல்லப்பட்டார். மேற்பார்வையாளர் மேல் கொலை வழக்கு. பெண்களே நடத்துகிற தொழிற்சங்கம் விடாமல் போராடி, 2022 ஏப்ரலில் 'திண்டுக்கல் ஒப்பந்தம்' வந்தது. எச் அண்ட் எம், கேப் மாதிரியான பெரிய கம்பெனிகளையும் கட்டுப்படுத்துகிற ஒப்பந்தம். அதன்படி பயிற்சி பெற்ற பெண்கள் ஆலைக்குள்ளேயே கண்காணிப்பாளர்களாக இருந்து, கெட்ட வார்த்தை, தொடுகை என்கிற கட்டத்திலேயே பிரச்சினையை எடுத்துப் பேசுகிறார்கள். ஆலைக்குள் முடிகிறது. தெருவுக்குள் ஏன் முடியாது? எங்கள் மகளிர் சுய உதவிக் குழுக் கூட்டத்தில் கடன் தவணை பேசி முடித்த பிறகு பத்து நிமிசம் இதைப் பேசவேண்டும் என்று என் வீட்டம்மா ஆரம்பித்திருக்கிறார். 181 என்ற பெண்கள் உதவி எண்ணை ரேஷன் கடைச் சுவரில் பெரிசாக எழுதிவைத்திருக்கிறோம்.

இந்தத் தை மாசம் அவர் வெங்காயத்துக்கு வரவில்லை. அம்மா ஊரில் பிள்ளையோடு இருக்கிறார், மில் வேலைக்குப் போகிறார். போனில் பேசினார். குரல் பழையபடி கணீரென்று இருந்தது. நான்தான் பேச முடியாமல் வீட்டம்மாவிடம் போனைக் கொடுத்துவிட்டேன்.

இனி யாராவது தொண்டை கட்டியிருக்கு என்று சொன்னால், சுக்குத் தண்ணி சொல்வதற்கு முன்னால் வீட்டம்மாவைக் கூப்பிட்டுத் தனியாக ஒரு கேள்வி கேட்கச் சொல்லப்போகிறேன். நீங்களும் கேளுங்கள்.