பங்குனி வெயிலில் சாக்லேட்



பங்குனி பிறந்துவிட்டால் ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வரை எல்லா ஷிப்டிலும் ஒரே பேச்சுதான்: யாருக்கு எத்தனை நாள் லீவு கிடைத்தது? உத்திரத்துக்கு வல்லக்கோட்டை முருகனைப் பார்க்கப் போகிறவர்கள் ஒரு பக்கம். பெரிய வெள்ளிக்கும் ஈஸ்டருக்கும் நாகர்கோவில், தூத்துக்குடி என்று பஸ் ஏறுகிறவர்கள் இன்னொரு பக்கம். சித்திரை முதல் நாளாவது வீட்டில் இருக்க வேண்டும் என்று மாற்று ஆள் தேடுகிறவர்கள் வேறு. உத்திரத்தையும் ஈஸ்டரையும் முடிவு செய்வது நிலாதான். உத்திரம் பங்குனிப் பௌர்ணமியை ஒட்டி வரும். மார்ச் 21 அன்றோ அதற்குப் பிறகோ வரும் பௌர்ணமியை அடுத்த ஞாயிறு ஈஸ்டர். அதனால்தான் பல ஆண்டுகளில் இரண்டும் அடுத்தடுத்து வந்து நிற்கின்றன. 2026இல் இரண்டுமே ஏப்ரல் முதல் வாரத்தில்.

ஊருக்குப் போகிறவர் வெறுங்கையோடு போவதில்லை. கூட்டுரோட்டு பேக்கரியில் ஒரு டப்பா இனிப்பு வாங்கிப் பைக்குள் வைத்துக்கொள்வதுதான் வழக்கம். இந்த முறை அந்த டப்பாவை நீங்களே நிரப்பிக்கொண்டு போங்கள் என்று கேட்கத்தான் இந்தப் பக்கத்தை எழுதுகிறேன். பலகாரம், சாக்லேட் பூசிய கடலை உருண்டை.

இதை வற்புறுத்திச் சொல்ல எனக்கு ஒரு காரணம் இருக்கிறது. நம் வாசகர்களில் பலர் பகல் இரவு பாராமல் ஏதோ ஒன்றைச் செய்துகொண்டே இருப்பவர்கள். கார், லாரி, பைக், கண்ணாடி, செல்போன் என்று உலகம் முழுக்கப் போகும் பொருள்கள் நம் ஊரிலிருந்து புறப்படுகின்றன. ஆனால் லைனில் நிற்பவருக்கு ஒரு பொருளைத் தொடக்கத்திலிருந்து கடைசி வரை தன் கையால் செய்து பார்க்கும் வாய்ப்பு இல்லை. ஒரு ஸ்க்ரூ, ஒரு கனெக்டர், ஒரு டெஸ்டிங். அதற்குள் அடுத்தது முன்னால் வந்துவிடும். கடலை வறுப்பதிலிருந்து தாளில் சுற்றுவது வரை முழு வேலையையும் தானே செய்து, அதை அம்மாவோ தங்கையோ வாயில் போட்டுக்கொண்டு முகம் மலர்வதைப் பார்ப்பது பெரிய நிறைவு. அது நம் வாசகர் ஒவ்வொருவருக்கும் கிடைக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

சாக்லேட் என்றவுடன் ஊட்டியும் கொடைக்கானலும் நினைவுக்கு வரும். அங்கே ‘ஹோம்மேட்’ என்று எழுதிவைத்து எடை போட்டு விற்கும் கடைகள் தெருவுக்குத் தெரு. அந்த மலைக் குளிரில் உருக்கி ஊற்றிய சாக்லேட் மேசைமேலேயே இறுகிவிடும். நமக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. நல்ல சாக்லேட்டின் உயிர் கோகோ வெண்ணெய். அது ஏறக்குறைய 34 டிகிரியில் உருகிவிடும். வாயில் வைத்தவுடன் கரைவதற்குக் காரணமும் அதுதான், ஏப்ரல் பகலில் கம்பெனி பஸ்ஸிலேயே கரைந்துபோவதற்குக் காரணமும் அதுதான்.

இன்னொரு சிக்கலும் உண்டு. கோகோ வெண்ணெய் ஆறு விதமான படிகங்களாக இறுகக்கூடியது. அதில் ஐந்தாவது வகை அமைந்தால்தான் பளபளப்பு வரும், உடைத்தால் ‘டக்’கென்று ஒடியும். மற்றவை அமைந்தால் மேலே சாம்பல் பூத்ததுபோல வெள்ளை படியும். சரியான வகையை வரவழைக்க, டார்க் சாக்லேட்டை 45 முதல் 50 டிகிரி வரை உருக்கி, 28க்கு இறக்கி, மறுபடி 31க்கு ஏற்றி, அந்தச் சூட்டிலேயே வைத்துக்கொண்டு வேலை செய்ய வேண்டும். வீட்டில் செய்கிறவர்களுக்கு ஒரு சுலபமான வழி: மூன்றில் ஒரு பங்கு சாக்லேட்டைச் சீவித் தனியே எடுத்துவைத்துக்கொண்டு, மீதியை உருக்கி இறக்கியதும் இதைக் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுக் கிளறுங்கள். சீவல்களில் ஏற்கெனவே இருக்கும் நல்ல படிகம் மற்றதையும் தன் வழிக்கு இழுத்துவிடும். அலைகிற வேலைதான். ஆனால் சூட்டை ஒரு டிகிரி பிசகாமல் காப்பது பெயின்ட் ஷாப்பிலும் மோல்டிங்கிலும் வேலை செய்கிறவர்களுக்குப் புதிது இல்லை. ஏசி அறையும் ஒரு சமையல் தெர்மாமீட்டரும் இருப்பவர்கள் துணிந்து செய்யலாம்.

மற்றவர்களுக்கு காம்பவுண்ட் சாக்லேட். இதில் கோகோ வெண்ணெய்க்குப் பதில் வேறு தாவரக் கொழுப்பு இருக்கும். படிகக் கணக்குப் பார்க்க வேண்டாம். உருக்கி, தோய்த்து, ஆறவிட்டால் போதும். வெயிலையும் கொஞ்சம் கூடுதலாகத் தாங்கும். வாயில் கரையும் சுகம் மட்டும் ஒரு படி குறைவு. வாங்கும்போது உறையின் பின்பக்கம் சேர்மானப் பட்டியலைப் படியுங்கள். கோகோ வெண்ணெய் என்றிருந்தால் ஒன்று, ஹைட்ரஜனேற்றிய தாவரக் கொழுப்பு என்றிருந்தால் மற்றது. உணவுப் பண்டங்களின் கொழுப்பில் டிரான்ஸ் கொழுப்பு 2 விழுக்காட்டைத் தாண்டக் கூடாது என்ற விதி 2022 ஜனவரியிலிருந்து நம் நாட்டில் நடப்பில் இருக்கிறது. அதனால் பெயர் தெரியாத, உறையில்லாத கட்டியை விலை குறைவு என்று வாங்காதீர்கள். விலையைப் பற்றியும் ஒரு வார்த்தை. உலகக் கோகோவில் பாதிக்கு மேல் விளைவிக்கும் ஐவரி கோஸ்டிலும் கானாவிலும் மகசூல் சரிந்ததால், 2024இல் ஒரு டன் 10,000 டாலரைத் தாண்டிப் போனது. கடையில் சாக்லேட் சிறுத்ததும் விலை ஏறியதும் அந்த வழியாக வந்ததுதான்.

கோகோ நமக்கு அப்படியொன்றும் அந்நியப் பயிர் இல்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். இந்தியாவில் முதன்முதலாக அது நடப்பட்டது 1798இல், நம் குற்றாலத்தில். அம்பாய்னா தீவிலிருந்து கிழக்கிந்தியக் கம்பெனியார் கொண்டுவந்த கன்றுகள். இன்று பொள்ளாச்சி, ஆனைமலைப் பக்கம் தென்னைக்கு ஊடுபயிராக நிற்கிறது. அங்கே விளைந்த கொட்டையை அங்கேயே சாக்லேட்டாக்கி விற்பவர்களும் வந்துவிட்டார்கள். கிடைத்தால் ஒரு கட்டியாவது வாங்கிச் சுவைத்துப் பாருங்கள்.

சரி, உருண்டைக்கு வருவோம். வறுத்துத் தோல் நீக்கிய வேர்க்கடலை கால் கிலோ, பாகு வெல்லம் 175 கிராம், கால் டம்ளர் தண்ணீர், ஏலக்காய், சுக்குத்தூள். சுக்கைத் தவிர்க்காதீர்கள். பானகத்தின் மணம் உருண்டையில் ஏறுவது அதனால்தான், சாக்லேட்டின் இனிப்பை அளவோடு நிறுத்துவதும் அதுதான். வெல்லத்தைக் கரைத்து வடிகட்டிக் கொதிக்கவிடுங்கள். நுரை பெரிதாக எழும்பி, பிறகு அடங்கிக் கெட்டியாகும். அப்போது கிண்ணத்துத் தண்ணீரில் ஒரு சொட்டு விட்டு, விரலால் உருட்டி எடுத்துத் தட்டில் போடுங்கள். ‘டங்’கென்று சத்தம் கேட்டால் பதம். உடனே கடலையைக் கொட்டிக் கிளறி, கையில் நெய் தொட்டுக்கொண்டு, சூடு பொறுக்கப் பொறுக்கச் சின்னச் சின்னதாகப் பிடிக்க வேண்டும். முப்பதுக்குக் குறையாமல் வரும். ஈஸ்டருக்கு என்றால் உள்ளங்கையில் லேசாக நீட்டி முட்டை வடிவமாக்குங்கள்.

பூசுவதற்கு முன் உருண்டை முழுதாக ஆறியிருக்க வேண்டும், மேலே ஈரமோ மாவோ இருக்கக் கூடாது. வெல்லம் காற்றிலுள்ள ஈரத்தை இழுத்துப் பிசுபிசுக்கும் என்பதால், ஆறிய அன்றே பூசிவிடுவது நல்லது. சாக்லேட்டில் கொழுப்பு நிறைய. அது மேலே மூடிக்கொண்டால் ஈரம் உள்ளே புகாது, உருண்டையின் மொறுமொறுப்பும் நிற்கும். அழகுக்கும் சுவைக்கும் அப்பால் இந்தப் பூச்சுக்கு இப்படி ஒரு பயன் இருக்கிறது.

கால் கிலோ காம்பவுண்டைச் சிறிதாக நறுக்கி ஒரு சில்வர் கிண்ணத்தில் போட்டு, வெந்நீர் உள்ள பாத்திரத்தின் மேல் வையுங்கள். அடுப்பை அணைத்துவிட்டே செய்யலாம், அந்தச் சூடே போதும். தண்ணீர் ஒரு சொட்டுகூட உள்ளே விழக் கூடாது. விழுந்தால் சர்க்கரைத் துகள்கள் ஈரத்தைப் பிடித்து ஒன்றோடொன்று ஒட்டி, முழுவதும் களிபோலத் திரண்டுவிடும். கரண்டி, கை, கிண்ணத்தின் அடி எல்லாவற்றையும் துடைத்துக்கொள்ளுங்கள். உருண்டையைப் போட்டு முள்கரண்டியால் ஒரு புரட்டுப் புரட்டித் தூக்கி, கிண்ணத்தின் விளிம்பில் இரண்டு தட்டுத் தட்டினால் உபரி வடிந்துவிடும். பிறகு பட்டர் பேப்பரில் இறக்குங்கள். தட்டாமல் வைத்தால் அடியில் பாதம்போலப் படர்ந்து இறுகும். பூச்சு மெல்லியதாக இருக்கட்டும். கடலையும் வெல்லமும்தான் இதில் வீட்டுக்காரர்கள், சாக்லேட் விருந்தாளி.

அடுப்பே இல்லாதவர்கள் என்ன செய்வது? வல்லம் வடகாலில் 2024 ஆகஸ்டில் திறக்கப்பட்ட சிப்காட் குடியிருப்பில் மட்டும் 18,720 பெண்கள் தங்க இடம் இருக்கிறது. சுங்குவார்சத்திரம், மாத்தூர், பூந்தமல்லி என்று தனியார் விடுதிகளில் இருப்பவர்கள் இன்னும் எத்தனையோ பேர். இப்படிப்பட்ட விடுதிகளில் அறையில் சமைக்க விடுவது அரிது; மெஸ் சாப்பாடுதான். 2021 டிசம்பரில் பூந்தமல்லி அருகே ஒரு விடுதிச் சாப்பாட்டால் பெண்கள் கூட்டமாக நோயுற்றதும், தோழிகள் பெங்களூரு நெடுஞ்சாலையில் உட்கார்ந்து நியாயம் கேட்டதும் இந்தப் பகுதியில் யாரும் மறக்கக்கூடியது அல்ல. தான் சாப்பிடுவதைத் தானே செய்ய முடியாத இடத்தில் மாதக்கணக்கில் இருப்பது எவ்வளவு பெரிய குறை என்பதை நாம் இன்னும் போதிய அளவு பேசவில்லை.

அவர்களுக்கும் வழி இருக்கிறது. கோவில்பட்டிக் கடலை மிட்டாய் 2020இல் புவிசார் குறியீடு பெற்ற சரக்கு. நம் ஊர்ப் பெட்டிக்கடை வரை வருகிறது. அதை வாங்கித் துண்டுகளாக ஒடித்துக்கொள்ளுங்கள். காம்பவுண்டை நறுக்கி ஒரு டம்ளரில் போட்டு, ஃபிளாஸ்க் வெந்நீர் ஊற்றிய டிபன் பாக்ஸில் அந்த டம்ளரை நிறுத்தினால் பத்து நிமிடத்தில் உருகும். மாத்தூரில் நான்கு பெண்கள் சேர்ந்திருக்கும் வாடகை அறையில் இதைச் செய்ததைப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். நைட் ஷிப்ட் முடித்து வந்தவர்கள், விடிகாலைக் குளிர்ச்சி போவதற்குள் செய்துவிடலாம் என்று உட்கார்ந்துவிட்டார்கள். ஒருத்தி தோய்த்தாள், ஒருத்தி தட்டி இறக்கினாள், மூன்றாமவள் ஈரம் ஆறுவதற்குள் மேலே வறுத்த எள்ளைத் தூவினாள். நான்காமவள் ஜார்க்கண்டிலிருந்து வந்து ஓர் ஆண்டு ஆனவள். “அக்கா, அது சரியில்லை, மறுபடி முக்குங்க” என்று தமிழில் தரம் பார்த்துத் திருப்பி அனுப்பிக்கொண்டிருந்தாள். அவர்கள் சிரித்த சிரிப்பில் எட்டு மணி நேரம் நின்ற அலுப்பு தெரியவில்லை.

ஈஸ்டருக்கு ஏன் முட்டை என்று சிறுவர்கள் கேட்பார்கள். அந்தக் காலத்தில் ஐரோப்பாவில் தவக்காலம் முழுக்க முட்டையும் தொடமாட்டார்கள். உயிர்ப்பு ஞாயிறு அன்று சேர்ந்துபோன முட்டைகளுக்குச் சாயம் பூசிப் பரிமாறிக்கொண்டார்கள். அதைச் சாக்லேட்டில் வார்த்தது பிற்காலம். இங்கிலாந்தில் ஃப்ரை நிறுவனம் 1873இலும் கேட்பரி 1875இலும் செய்தன. நம் பக்கத்து ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் பாதாமுக்குப் பதில் முந்திரி அரைத்து மார்சிபான் முட்டை செய்வார்கள். அதைச் சாக்லேட்டில் முக்கினாலும் அருமையாக இருக்கும். செய்கிறவர்கள் செய்முறையை எழுதி அனுப்புங்கள், அச்சேற்றக் காத்திருக்கிறேன்.

இரண்டு எச்சரிக்கை. வேர்க்கடலை சிலருக்கு, குறிப்பாகக் குழந்தைகளுக்கு, கடும் ஒவ்வாமை தரும். கொடுப்பதற்கு முன் வீட்டாரிடம் கேளுங்கள். விற்பதற்காகச் செய்வதானால் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்துகொண்ட பிறகுதான் விற்க வேண்டும்.

ஊருக்குக் கொண்டுபோக: காற்றுப் புகாத டப்பாவில் அடுக்குக்கு ஒரு பட்டர் பேப்பர் வைத்து அடுக்கி, முந்தின இரவு ஃபிரிட்ஜில் வையுங்கள். எடுத்தவுடன் மூடியைத் திறக்காதீர்கள். வெளிக்காற்றின் ஈரம் சாக்லேட்டின் மேல் வியர்த்துப் படிந்துவிடும். டப்பாவைப் பருத்தித் துண்டில் சுற்றித் துணிகளுக்கு நடுவே வைத்து, இரவு பஸ்ஸில் ஏறுங்கள். ஜன்னல் ஓரமும் இன்ஜின் பக்கமும் வேண்டாம். விடிந்து வீடு சேர்ந்து, குளித்துவிட்டு வந்து திறந்தால் சரியாக இருக்கும்.

அன்புடன்,
ஆசிரியர்